டிவியின் வலது பாதி

சுப்பராயலுவுக்கு அந்த வாரம் பூராவும் சாமியிடம் ஒரே வேண்டுதல்தான். கோளாறு கம்ப்யூட்டரில்தான் இருக்க வேண்டும். மயிலம் முருகா, வேறு எங்கேயும் இருந்துவிடக் கூடாது.

இதென்ன வேண்டுதல் என்று சிரிக்கிறவர்களுக்கு அவர் தொழில் தெரியாது. திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் நடுவே ஓடும் தனியார் பஸ்ஸுக்கு அவர் டிரைவர். வருஷக்கணக்காக அதே ரோடு, அதே பச்சை வண்டி. வேறு வேலை தெரியாது, கற்றுக்கொள்ள ஆசைப்பட்டதும் இல்லை. அப்படிப்பட்ட மனுஷருக்குக் கொஞ்ச காலமாகத் தூரத்தில் இருப்பதெல்லாம் எண்ணெய்க் காகிதத்துக்கு அந்தப் பக்கம் இருப்பது மாதிரித் தெரிய ஆரம்பித்திருந்தது. கண்ணைக் கசக்கினார். தண்ணீர் அடித்துக் கழுவினார். வண்டியின் முன்கண்ணாடியை ஈரப் பேப்பர் போட்டு அழுத்தித் துடைத்தார். யாரிடமும் வாயைத் திறக்கவில்லை. திறந்தால் லைசென்ஸ் போச்சு, அதோடு சோறும் போச்சு.

ஓட்டுவதெல்லாம் பழக்கத்தில்தான். எதிரே வருவது எந்த பஸ் என்பதைக் கலரை வைத்தும் ஹாரனை வைத்தும் சொல்லிவிடுவார், போர்டைப் படித்து எத்தனையோ காலம் ஆயிற்று. எந்த ஸ்டாப்பில் பிரேக் போட வேண்டும் என்பது காலுக்கே தெரியும். ஆனால் குறுக்கே வருகிற ஜனங்களை மனப்பாடம் பண்ண முடியுமா? போன வாரம் கூட்டேரிப்பட்டுக்கு முன்னால் ஒரு பெண்பிள்ளை தலையில் மல்லாட்டைக் கட்டோடு, பிடுங்கிய வேர்க்கடலைச் செடி தொங்கத் தொங்க, ரோட்டைக் கடந்தாள். சுப்பராயலு அவளைப் பார்த்தது கடைசி நொடியில். அவர் போட்ட பிரேக்கில் நின்றுகொண்டிருந்தவர்கள் எல்லாம் ஒருவர் மேல் ஒருவர் சரிந்தார்கள். "வெய்யிலு மூஞ்சில அடிச்சிடுச்சி" என்று சொல்லிச் சமாளித்தார். அன்றைக்கு வானம் மூடிக் கிடந்தது. கண்டக்டர் ரஞ்சித் அவரை ஒரு பார்வை பார்த்துவிட்டு டிக்கெட் போடப் போய்விட்டான்.

இந்த லட்சணத்தில்தான் அந்த கேம் வீட்டுக்குள் வந்தது.

மகள் வெண்ணிலா பி.காம். முடித்துவிட்டு பேங்க் பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்தாள். அவளுடைய லேப்டாப் கட்டிலிலிருந்து விழுந்து திரை உடைந்துவிட்டதால் ஒரு ஒயரை மாட்டி ஹால் டிவியில்தான் எல்லாம் பார்ப்பாள். அப்பா சும்மா கிடக்கிற நேரத்தில் ஓட்டட்டுமே என்று பஸ் ஓட்டுகிற கேம் ஒன்றை இறக்கி, கையில் பிடித்து ஆட ஒரு ரிமோட்டும் வாங்கிக் கொடுத்தாள். நம்ம பக்கத்துத் தனியார் பஸ்ஸுகளின் பெயின்ட், ஹாரன் எல்லாம் யாரோ புண்ணியவான்கள் செய்து அதில் ஏற்றியிருந்தார்கள். சுப்பராயலுவின் பச்சை வண்டிகூட இருந்தது. மனுஷர் சொக்கிப் போனார்.

சிக்கல் என்னவென்றால் டிவி ஒன்று, ஆள் இரண்டு. அவளுக்கு வகுப்பு வீடியோ ஓட வேண்டும், இவருக்கு பஸ் ஓட வேண்டும். அப்புறம் என்ன, பாகப்பிரிவினைதான். இடது பாதி மகளுக்கு, வலது பாதி அப்பாவுக்கு. முழுத் திரையில் ஓட வேண்டிய கேமைச் சின்ன ஜன்னலாக்கி வலது பக்கத்தில் ஒதுக்கிவிட்டாள். "அண்ணன் தம்பிங்க கழனியப் பிரிச்சப்பகூட இவ்ளோ நேரா வரப்பு போடல" என்று அவர் மனைவி அஞ்சம்மாள் சொன்னாள்.

ஜன்னலான அன்றைக்கே படம் மங்கிவிட்டது. சுப்பராயலு ஆறடி தள்ளி பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். போச்சுடா, வீட்டுக்குள்ளேயும் வந்துவிட்டதா என்று ஆடிப்போனார். வெகுநேரம் கழித்து, ஏதோ போகிற போக்கில் கேட்பது போல, "ஏம்மா, இது உனக்குத் தெளிவா தெரியுதா?" என்று கேட்டார்.

கீழே பீரோவில் சாய்ந்து உட்கார்ந்திருந்த வெண்ணிலா நிமிர்ந்து பார்த்தாள். "எங்க தெரியுது? ஒரே மங்கலா கீது."

அடேயப்பா, அந்த ஒரு வார்த்தையில் அவருக்கு உயிர் வந்தது! அவளுக்கும் மங்கல். இருபத்திரண்டு வயசுக் கண்ணுக்கும் மங்கல். அப்படியானால் குற்றம் கம்ப்யூட்டருடையது. ரோடு மங்கலாக இருப்பதற்கு டிவிக்காரனா பொறுப்பு என்று மனசின் ஒரு மூலை கேட்கத்தான் செய்தது. அந்த மூலையைப் பார்த்து, நீ கம்முனு இரு என்று அதட்டிவிட்டார்.

அன்றிலிருந்து மகளை உட்காரவிடவில்லை. "அத சரி பண்ணும்மா. எப்பதான் பண்ணுவ?" காலையில் வாயில் பேஸ்ட்டோடு நின்று கேட்டார். சாப்பிடும்போது கேட்டார். இரண்டாவது டிரிப் முடிந்து விழுப்புரம் ஸ்டாண்டிலிருந்து போன் போட்டுக் கேட்டார். "இன்னாப்பா பேஜாரு இது! ஒரு கேமுக்கா இத்தினி அவசரம்?" என்று அவள் எரிந்து விழுந்தாள். கேமுக்காகவா அவசரம்? அவளுக்கு எப்படித் தெரியும்?

வியாழக்கிழமை அவருக்கு மத்தியான ஷிஃப்ட். வெண்ணிலா காலையில் வகுப்பை நிறுத்திவிட்டு ரிப்பேரில் இறங்கினாள். சுப்பராயலு காக்கிச் சட்டையை மாட்டிப் பட்டன் போடாமல் ஹாலுக்கும் வாசலுக்கும் நடந்துகொண்டிருந்தார்.

முதலில் கேமின் செட்டிங்கைத் திறந்தாள். ஜன்னலின் அளவு ஒன்று, உள்ளே படம் வரைகிற அளவு அதைவிடச் சின்னதாக இன்னொன்று என்று இருந்தது. இரண்டையும் ஒன்றாக்கினாள். லேப்டாப்பின் ஃபேன் இரைய ஆரம்பித்தது.

"இப்ப எப்டிப்பா?"

"கொஞ்சம் தேவல" என்றார். நிஜமாகவே கொஞ்சம் தேவலைதான். ரோட்டின் வெள்ளைக் கோடு கோடாகத் தெரிந்தது. "இன்னும் பண்ணும்மா. இன்னும் கீதா?"

இன்னும் இருந்தது. அவள் ஏதோ ஒரு வீடியோவைப் பார்த்தாள், தலையில் தட்டிக்கொண்டாள். "அட, நான்தாம்ப்பா காரணம். டிவி தூரத்துல இருக்குதேன்னு எழுத்தெல்லாம் ஒன்றரை மடங்கு பெருசா காட்டச் சொல்லி வெச்சிருந்தேன். கம்ப்யூட்டரு இன்னா பண்ணுது, கேமையும் சேத்துப் புடிச்சி இழுக்குது. சின்ன போட்டோவ இழுத்து ஃபிளக்ஸ் அடிச்சா எப்டி இருக்கும்? அதான் இது."

"அப்ப இது யாரு பாத்தாலும் மங்கலாத்தான் தெரியும்?"

"யாரு பாத்தாலும்தான்."

"அதான பாத்தேன்!" என்று தொடையில் தட்டிக்கொண்டார். அந்தச் சந்தோஷம் எதற்கு என்று வெண்ணிலாவுக்குப் புரியவில்லை. கேமின் ஐகானை வலது கிளிக் செய்து, உள்ளே போய், இதை நீ பெரிதாக்காதே, கேமே பார்த்துக்கொள்ளும் என்கிற மாதிரி ஒரு கட்டத்தில் டிக் போட்டாள். பிறகு திரும்பி, "நீ இப்டி நடந்துக்கினே இருந்தா எனக்கு வேல ஓடாது. போய் டீ குடிச்சிட்டு வா. வந்தா ஒரு அதிசயம் பாப்ப" என்று துரத்தினாள்.

டீக்கடையில் அவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. பாதி டீயை வைத்துவிட்டு எழுந்தார். எதிர்க்கடைப் பெயர்ப் பலகையைப் பார்க்கலாமா என்று தோன்றியது. வேண்டாம், வீட்டில் போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்று தலையைக் குனிந்துகொண்டே வந்தார்.

"கண்ண மூடிக்கினு உக்காரு" என்றாள் வெண்ணிலா. உட்கார்ந்தார். "ம், இப்ப தொற."

திறந்தார். வலது பாதியில் பச்சை வண்டி நின்றது, திண்டிவனம் ஸ்டாண்டு மாதிரி ஓரிடத்தில், முகத்தைக் காட்டிக்கொண்டு. அஞ்சம்மாள் கரண்டியோடு சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தாள். "அடி ஆத்தே! மரத்துல எலகூடத் தனித்தனியா தெரியுதே!"

சுப்பராயலுவுக்கு மரம் தெரிந்தது. பச்சையாக, மொத்தையாக.

"எப்டிப்பா?"

"சூப்பரும்மா! பளிச்சுனு ஆயிடுச்சி."

"சும்மா சொல்லாத. வண்டி நெத்தியில போர்டு கீது பாரு, அதப் படி."

அவர் கடகடவென்று சிரித்தார். "இதுல படிக்கிறதுக்கு இன்னா கீது? திண்டிவனம் டு விழுப்புரம். வழி கூட்டேரிப்பட்டு, விக்கிரவாண்டி."

யாரும் சிரிக்கவில்லை. அஞ்சம்மாள் டிவியைப் பார்த்தாள், புருஷனைப் பார்த்தாள். "இன்னாங்க, வெளையாடுறீங்களா?"

"இன்னாடி? நம்ம வண்டி போர்டு எனக்குத் தெரியாதா?" என்றார். "ஏம்மா, திரும்பவும் மங்கிடுச்சி போலகீது. நீ ஏதோ தட்டிட்ட."

"நான் எதையும் தொடலப்பா. தெளிவாத்தான் இருக்கு."

அவர் எழுந்தார். டிவியை நோக்கி நடந்தார். பாதி வழியில் போர்டு வெறும் வெள்ளைப் பட்டையாக இருந்தது. இன்னும் நெருங்கினார். கை எட்டும் தூரத்துக்கு வந்த பிறகுதான் எழுத்து எழுத்தாகக் கூடி வந்தது. 'சுப்பராயலு மகள் பஸ் சர்வீஸ்' என்று சிவப்பில் எழுதியிருந்தாள். அவர் டீ குடிக்கப் போன நேரத்தில் போர்டில் போட்டிருக்கிறாள். அப்பா பார்த்ததும் குதிப்பார் என்று.

மூக்கு டிவியில் இடிக்கிற மாதிரி அப்படியே நின்றார். திரும்புகிற தைரியம் வரவில்லை.

"எத்தினி நாளா?" என்றாள் வெண்ணிலா.

"மழைக்கு முன்னாலருந்து."

"மழைக்கு முன்னாலருந்தா?" அவள் எழுந்துவிட்டாள். அழுகை வரும் என்று பார்த்தால் கோபம்தான் வந்தது. "தெனமும் அத்தினி பேர ஏத்திக்கினு போனியேப்பா. ஸ்கூல் புள்ளைங்க வர்றாங்க. நானே எத்தினி வாட்டி வந்துருக்கேன்! முன்னால சீட்டுல உக்காந்துக்கினு, எங்கப்பா ஓட்டுறாருன்னு பக்கத்துல இருக்கறவங்ககிட்டலாம் சொல்லிக்கினு வந்தனே!"

"அவரத் திட்டாதடி" என்று அஞ்சம்மாள் சொன்னாள். சுவரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள்.

வண்டியை விட்டால் நான் யார் என்று சுப்பராயலு கேட்டிருக்கலாம். பயமாக இருந்தது என்று சொல்லியிருக்கலாம். எல்லாமே உண்மைதான். ஆனால் வெட்கம் பிடுங்கித் தின்றது. சட்டையின் கீழ்ப் பட்டனைப் போட்டார், அவிழ்த்தார், மறுபடி போட்டார்.

போன் அடித்தது. ரஞ்சித்.

"அண்ணா, எங்க கீற? வண்டி ஸ்டாண்டுல போட்டாச்சு. கூட்டம் ஏறிடுச்சி. ஜல்தி வாண்ணா."

பின்னால் சத்தம் கேட்டது. ஒரு குழந்தை வீறிட்டது, யாரோ சில்லறை கேட்டார், யாரோ ஜன்னல் சீட்டுக்குச் சண்டை போட்டார். வெண்ணிலா அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். காய்ச்சல் என்று சொன்னால் இன்றைக்குத் தப்பிக்கலாம். வயிற்றுப்போக்கு என்றால் நாளைக்கும் சேர்த்துத் தப்பிக்கலாம். கண்ணில் சொட்டு மருந்து விட்டுக்கொண்டு திங்கட்கிழமை போய் ஸ்டியரிங்கைப் பிடித்துவிடலாம்.

"ரஞ்சித்து, ஒடம்பு..." என்று ஆரம்பித்தார்.

"ஒடம்புக்கு இன்னாண்ணா? நான் வேணா டீ வாங்கி வெக்கவா? ஓட்டிக்கினே இருந்தா சரியாயிடும் வாண்ணா. நீ இல்லன்னா வண்டி எப்டிப் போவும்?"

சுப்பராயலு மகளைப் பார்த்தார். நாலு எட்டுத் தூரத்தில் நின்றாள். அவள் அழுகிறாளா இல்லையா என்பது அவருக்குத் தெரியவில்லை.

"ஏறி உக்காந்தவங்கள எல்லாம் எறக்கி விட்டுடு" என்றார். "எனக்குக் கண்ணு தெரியல ரஞ்சித்து."