கீழ்வீட்டு இரண்டாவது அறை

ஆய்வு நடந்தபோது கீழ்த்தளத்து வீட்டில் இருந்தவர்கள் நான்கு பேர்: குடியிருப்பு அலுவலக ஆய்வாளர், வீட்டுக்காரியான நர்ஸ், அவளுடைய மாமியார், கூப்பிடாமலே நான்காம் மாடியிலிருந்து இறங்கி வந்த மூத்த மருமகள் தையல்காரி. ஆய்வாளரை வரவழைத்த மொட்டைக் கடுதாசி இவள் எழுதியது.

தையல்காரிக்கு வயிறெரிந்தது இரண்டாவது அறையைப் பார்த்துத்தான். மேலே அவளுக்கு ஒரே அறை. புருஷன் தையல் மெஷினுக்கு அடியில் காலை நீட்டித் தூங்குகிறான். இங்கே நர்ஸ் இரவு வேலை முடிந்து வந்து பட்டப்பகலில் தனியறையில் குறட்டை விடுகிறாள். வயதானவரை வைத்துப் பார்ப்பவர்களுக்கு இரண்டு அறை என்ற விதியில் வாங்கிய வீடு. அந்த மாமியாரைத் தையல்காரி மூன்று மாதமாகத் தாங்கு தாங்கென்று தாங்கி, கால் பிடித்துவிட்டு, மேலேயே படுக்க வைத்திருந்தாள். கிழவியின் பெயர் தன் வீட்டுப் பதிவுக்கு மாறினால் இரண்டறை வீடும் தனக்கு வரும் என்பது அவள் நினைப்பு.

"ராத்திரி எங்கம்மா படுக்குறீங்க?" என்றார் ஆய்வாளர்.

"மேல, பெரியவ வீட்டுல. பொய் சொல்ல எனக்கென்ன வந்துச்சு?" என்றாள் மாமியார்.

"கேட்டீங்களா சார்? நான் பாக்கலேன்னா யாரு பாப்பா?" என்றாள் தையல்காரி.

"அக்காவுக்குத் தங்கமான மனசு சார்," என்றாள் நர்ஸ்.

ஆய்வாளர் பதிவேட்டில் எழுதினார். "சரி, இவங்க பேரை மேல்வீட்டுக்கு மாத்திட்டேன்."

"அப்ப இந்த வீடு?" என்றாள் தையல்காரி.

"நர்சம்மாவுக்கேதான். பத்து வயசு முடிஞ்ச பையனும் பொண்ணும் இருந்தா ரெண்டு அறை உண்டு. இவங்க பையன் பெரியவன், பொண்ணுக்கும் போன மாசம் பத்து முடிஞ்சிருக்கே."

முடிந்ததுதான். பிறந்தநாள் கவுனைத் தைத்ததே தையல்காரிதான். அளவெடுத்தவள் வயதை யோசிக்கவில்லை.

"எனக்கு, சார்?"

"மனு போடுங்க. முன்னாடி நானூறு பேர் இருக்காங்க. அதுவரைக்கும் அம்மா உங்க பொறுப்பு. இங்க கையெழுத்து."

"இல்ல சார், அத்தைக்கு இங்கதான் வசதி..."

"யாரு சொன்னா? மேலதான் காத்து நல்லா வருது," என்றாள் மாமியார்.

தையல்காரி கையெழுத்துப் போட்டாள். ஆய்வாளர் கிளம்பினார். அதற்குள் நர்ஸ் மாமியாரின் துணிகளைப் பையில் திணித்து, இரும்புக் கட்டிலை வாசலுக்கு இழுத்து வந்துவிட்டாள்.

"புடிங்கக்கா. எட்டு மணிக்கு மாத்திரை, மறந்துடாதீங்க."

தையல்காரி கட்டிலோடு வெளியே வந்தாள். பாயிலேயே மூன்று மாதம் சமாளித்தாயிற்று, இதை எங்கே போடுவது? மாமியார் முன்னால் லிஃப்டுக்கு நடந்தாள். பின்னால் கதவு சாத்தப்பட்டது. சாவி இரண்டு முறை திரும்பியது.