கோடிப் புடவையின் பில்

இறந்துபோன என் வீட்டுக்காரர் கடைக்குப் போய் நூற்று எண்பத்தாறு ரூபாய்க்குச் சாமான் வாங்கினார் என்று அவருடைய ஆபீஸ் சொசைட்டி எனக்குக் காகிதம் அனுப்பியிருந்தது. எழுபத்தொன்பதாம் வருஷம், துலாம் மாசத்து, அதாவது ஐப்பசி, மழையில் நனைந்து வந்த காகிதம். சாமான் வாங்கிய தேதியைப் பார்த்தேன். அவர் போய் ஆறாம் நாள்.

அந்தக் கூட்டுறவு சொசைட்டியில் மெம்பர்களுக்கு ஓர் அட்டை கொடுப்பார்கள். சில குறிப்பிட்ட கடைகளில் அதைக் காட்டிக் கையெழுத்துப் போட்டால் போதும், கையில் காசு வேண்டாம். கடைக்காரர் பில்லைச் சொசைட்டிக்கு அனுப்புவார். சொசைட்டி சம்பளத்தில் பிடித்துக்கொள்ளும். என் வீட்டுக்காரர் வெங்கடசுப்ரமணியன் தீபாவளிக்குத் தவிர அந்த அட்டையை எடுக்கவே மாட்டார். கடன் இருந்தால் தூக்கம் வராது என்பார். அப்படிப்பட்டவர் கண்ணை மூடிய பிறகா கடன் வாங்கப் போகிறார்? கடையின் பெயர் 'ஸ்ரீ மகாதேவா ஏஜென்சீஸ், ஆரியசாலை' என்று இருந்தது. அப்படி ஒரு கடையை நான் கேள்விப்பட்டதே இல்லை.

கோபத்தில் எரிந்துகொண்டு சொசைட்டிக்குப் போனேன். அங்கே கணக்கு பார்க்கிறவள் நேசமணி, நாகர்கோவில் பக்கத்துக்காரி. பில்லை மறுத்து எழுதும் பாரம் ஒன்றை எடுத்துக் கொடுத்தாள். 'இந்தக் கடையை எனக்குத் தெரியாது, இந்தச் சாமான் என் வீட்டுக்கு வரவில்லை, கையெழுத்து என் புருஷனுடையது இல்லை' என்று அழுத்தி எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

"அம்மா, பில்லுல போடுகது ஒரு பேரு, ஆளுக விளிக்கது வேற பேராக்கும்," என்றாள் நேசமணி. "ஒருக்க ஆரியசாலைக்குப் போய்ப் பாத்துட்டு வாங்க. அதுவரைக்கும் இதை மேல அனுப்பாம வெச்சிருக்கேன். அனுப்பினா சங்கதி போலீசுக்குப் போவும்."

"போகட்டும்," என்றேன்.

அந்தச் சமயம் நான் இருந்த இருப்பையும் சொல்லிவிட வேண்டும். எங்களுக்குக் குழந்தை இல்லை. பிறந்த வீடு என்று எனக்கு மிஞ்சியது கரமனையில் இருக்கும் பிச்சுமணி அண்ணா ஒருவன்தான். எங்களவர்களில் புருஷன் போன பத்தாம் நாள் அந்தப் பெண்ணுக்குப் பிறந்த வீட்டார் புதுப் புடவை போடுவார்கள். கோடி என்பது அதுதான். மற்ற உறவுக்காரர்களும் போடலாம், ஆனால் முதல் கோடி பிறந்த வீட்டுக் காசில் வர வேண்டும். அவர் போனாலும் உனக்கு நாங்கள் இருக்கிறோம் என்பதற்கு வேறு என்ன அத்தாட்சி இருக்கிறது?

அண்ணா இரண்டு ஒன்பது கஜப் புடவை கொண்டுவந்து போட்டான். ஒன்று அரக்கு, இன்னொன்று சாம்பல். போடும்போது அவனும் அழுதான். அவர் மூச்சு நின்றபோது மரமாக நின்ற நான் அந்தப் புடவை தோளில் விழுந்ததும் வாய்விட்டு அழுதேன்.

அதற்குப் பிறகு வாரம் தவறாமல் வந்தான். நான் இருக்கும் ஸ்ரீவராகத்து வாடகை வீட்டைக் காலி செய்துவிட்டுக் கரமனைக்கு வந்துவிடு என்றான். மன்னிக்கு மூட்டு வலி, சமையல்காரி நின்றுவிட்டாள் என்பதெல்லாம் எனக்குத் தெரியாததா? எனக்கோ குடும்ப பென்ஷன் உண்டு; சாயங்காலம் தெருப் பெண்கள் சிலருக்கு ஹிந்திப் பரீட்சைக்குச் சொல்லிக் கொடுக்கிறேன்; அரிசிக்கும் வாடகைக்கும் யார் கையையும் பார்க்க வேண்டாம். ஆனால், "கோடி போட்டவன் நான். இனிமே நோக்கு நான்தான், கேட்டியா," என்று அவன் ஒவ்வொரு தடவையும் சொன்னான். மாசக் கடைசியில் வருகிறேன் என்று சொல்லிவிட்டேன். என் வீட்டை விட்டு இன்னொருத்தி அடுப்படிக்குப் போக ஒத்துக்கொண்டது அந்த இரண்டு புடவைக்காகத்தான்.

ஆரியசாலைக் கடைத்தெருவில் மகாதேவா ஏஜென்சீஸ் என்றால் ஒருவருக்கும் தெரியவில்லை. மூட்டைகளுக்கும் கைவண்டிகளுக்கும் நடுவே ஒவ்வொரு கடையாகக் கேட்டுக்கொண்டு போனேன். கடைசியில் ஒரு மிளகாய் மண்டிக்காரர் சிரித்தார். "நம்ம தாணுமாலையன் ஜவுளிக் கடைதாம்மா அது. சர்க்காருக்குக் காட்டுக பேரு."

எனக்கு வெட்கமாகப் போயிற்று. கல்யாணமான நாளிலிருந்து அந்தக் கடையில்தான் எனக்குப் புடவை. தாணுமாலையன் கடை என்றே எல்லோரும் சொல்வோம். பலகையில் என்ன எழுதியிருக்கிறது என்று யார் நிமிர்ந்து பார்த்தார்கள்?

தாணுமாலையன் எழுந்து நின்று கும்பிட்டார். "சார் போனது கேட்டு மனசே சரியில்லம்மா," என்றார். பில்லைப் பார்க்க வேண்டும் என்றேன். தயங்காமல் நகலை எடுத்து என் முன்னால் விரித்தார்.

"ஒங்க அண்ணன்தான வந்தாவ. தங்கச்சிக்குக் கோடி எடுக்கணும்னாவ. துக்கத்துக்கு எடுக்க துணி, நானும் விலையைக் கூட்டிச் சொல்லல. சார் அட்டையைக் காட்டி ஒப்பு வெச்சிட்டுப் போனாவ."

ஒன்பது கஜம், அரக்கு, ஒன்று. ஒன்பது கஜம், சாம்பல், ஒன்று. கீழே கையெழுத்தாக என் புருஷன் பெயர், பெயருக்கு அடியில் இரண்டு கோடு. அண்ணா எழுதும் எல்லாக் கடிதத்திலும் அந்த இரண்டு கோடு இருக்கும். சாவுச் செய்தி சொல்ல ஆபீசுக்குப் போகிறேன் என்று அவருடைய தோல் பையை அவன்தான் எடுத்துக்கொண்டு போனான். அட்டை அதற்குள்தான் இருந்தது.

பில்லில் மூன்றாவது வரி ஒன்றும் இருந்தது. ஒன்பதைந்து முழ ஜரிகை வேஷ்டி, மயில்கண் கரை, ஒரு ஜோடி. பத்தாம் நாள் அவன் பஞ்சகச்சம் கட்டிக்கொண்டு வந்து நின்றது அந்த வேஷ்டியில்தான். கஞ்சி மொடமொடப்புக்கூடப் போகாத புது வேஷ்டி. தங்கைக்காக நல்லதாகக் கட்டிக்கொண்டு வந்திருக்கிறான் என்று அந்த அழுகையிலும் நினைத்தேனே, என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

"எதாம் கொழப்பம் உண்டாம்மா?" என்றார் தாணுமாலையன்.

"ஒண்ணும் இல்லை," என்று படியிறங்கினேன்.

நேரே சொசைட்டிக்குப் போய்ப் பாரத்தைத் திருப்பி வாங்கிக் கிழித்துப் போட்டேன். அண்ணாவைக் காப்பாற்றுவதற்காகச் செய்தேன் என்று யாரும் நினைக்க வேண்டாம். அவன் ஜெயிலுக்குப் போயிருந்தால் அன்று எனக்குச் சந்தோஷமாகவே இருந்திருக்கும். ஆனால் சாமான் என் வீட்டுக்கு வரவில்லை என்று நான் எப்படி எழுதுவேன்? வந்தது, என் தோளிலேயே விழுந்தது. எனக்குக் கோடி போட்டது என் புருஷன். பிறந்த வீடு செய்ய வேண்டியதையும் அவரே செய்துவிட்டுப் போயிருக்கிறார். அதை எனக்கு இல்லை என்று சொல்ல மனசு வரவில்லை.

"அப்ப தெரிஞ்ச கடைதானா?" என்றாள் நேசமணி.

"தெரிஞ்ச கடைதான். வாங்கின ஆளைத்தான் இத்தனை நாளாத் தெரியாம இருந்துட்டேன். அவருக்கு வர்ற பணத்துல பிடிச்சுக்கோங்கோ."

ஞாயிற்றுக்கிழமை அண்ணா டெம்போவுக்குச் சொல்லிவிட்டு வந்தான். மூட்டை ஒன்றும் கட்டாமல் நான் உட்கார்ந்திருப்பதைப் பார்த்து முகம் சுளித்தான். பில் நகலை அவன் கையில் கொடுத்தேன். வெகுநேரம் படித்தான். அதில் அவ்வளவு நேரம் படிக்க ஒன்றும் இல்லை.

"அப்போ கையில காசு இல்லைடி சூடாமணி," என்றான். "அவன் காசு வேற, என் காசு வேறயா? நாலு பேர் முன்னால வெறுங்கையோட வந்து நிக்க முடியுமா?"

"காசு இல்லைன்னு என்கிட்டே சொல்லப்படாதா? மன்னியோட பழம்பொடவையைத் தோச்சுப் போட்டிருந்தாலும் கோடின்னு கட்டிண்டிருப்பேன். ஆறாம் நாள் அவர் பேரை எழுதறச்சே நோக்குக் கை நடுங்கலையா?"

"இத்தனை பேசறவ தனியா எப்படி இருப்பே?"

"இருந்துக்கறேன். பொடவை ரெண்டும் என்னோடது. அந்த வேஷ்டி அவர் காசு. தோச்சு மடிச்சுக் குடுத்தனுப்பு."

அவன் டெம்போக்காரனுக்கு வெறும் வண்டிக்கே கூலி கொடுத்துவிட்டுப் போனான். அந்தக் கூலியாவது அவன் கையிலிருந்து போயிற்றே என்று அன்று கறுவிக்கொண்டேன். ராத்திரி வடித்த சாதத்தை அப்படியே மூடிவைத்தேன். எனக்குக் கூடப் பிறந்தவன் வேறு யார் இருக்கிறான்?

மார்கழியில் ஒருநாள் கரமனையிலிருந்து ஆள் வந்து ஒரு பொட்டலம் கொடுத்துவிட்டுப் போனான். எதிர்வீட்டுச் சுப்புலக்ஷ்மி வாசலில் கோலத்துக்குச் செம்மண் இட்டுக்கொண்டிருந்தாள்.

"பொறந்தாத்துலேந்து என்ன வந்திருக்கு?" என்றாள்.

"வேஷ்டி."

"வேஷ்டியா? யாருக்கு?"

பொட்டலத்தைப் பிரித்தேன். நன்றாகத்தான் தோய்த்து மடித்திருந்தார்கள். உள்ளே கொண்டுபோய் அவருடைய சட்டைகளின் மேல் வைத்து அலமாரியைப் பூட்டினேன்.