காலத்துக்குக் கவ்வாத்து

நடந்து முடிந்த நேரத்தை வெட்டி எறியலாம் என்று உலகத்திலேயே முதலில் கண்டுபிடித்தவன் இலங்கையில் தெமோதரைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றின் கவ்வாத்துக்காரன் சடையன். கவ்வாத்தில் தேயிலைக் கிளையை வெட்டுகிற கத்தியையே மந்திரம் சொல்லி வீசுவான். வெட்டுப்பட்ட ஒரு மணி நேரம் நடக்காததாகிவிடும். பதினோரு வருசம் மண்டையை உடைத்துக்கொண்டு கண்ட வித்தை.

ஐம்பத்தாறாம் வருசம் ஒரு காலை, ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில், வேலைக்குப் பிந்தி வந்தாள் என்று அவன் பெண்சாதி பேச்சியைக் கங்காணி கம்பால் அடித்தான். மண்டை பிளந்து அங்கேயே செத்தாள். சடையன் அந்த நேரத்தை வெட்டினான். பேச்சி உயிரோடு மறுபடி பெரட்டுக்கு வந்தாள். இந்தத் தடவை கங்காணியோடு கணக்கப்பிள்ளையும் சேர்ந்து மிதித்தே கொன்றார்கள். சடையன் மறுபடி வெட்டினான். இப்போது அடிக்க நாலு பேர் வந்தார்கள். அவளோடு அவள் தங்கச்சியும் செத்தாள்.

மூன்றாம் தடவை வெட்டிவிட்டு லயத்து வீட்டுக்கு ஓடினான். சேலையைச் சொருகிக்கொண்டிருந்த பேச்சியிடம் எல்லாவற்றையும் கொட்டினான்.

அவள் சீறினாள். "ஏய்யா, கவ்வாத்து வெட்டுனா செடி செத்தா போவும்? ஒண்ணு வெட்டுனா நாலு கெளைக்கும்னு தெரியாமயா இத்தன வருசம் வெட்டுன?"

சடையனுக்குச் செருப்பால் அடித்த மாதிரி இருந்தது. கத்தி கையிலிருந்து நழுவியது.

மூலையில், பழைய செடிகளை வேரோடு தோண்டி எடுக்கிற இரும்பு அலவாங்கு சாத்தியிருந்தது. பேச்சி அதைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டாள். வெளியே பெரட்டுக்குக் கூப்பிடும் தப்பு முழங்கியது.

"நடய்யா," என்றாள். "இன்னைக்கு நான் பிந்த மாட்டேன்."