ஆள் மாறிய அஞ்சலி

ஆட்டோவிலிருந்து இறங்கி அழுதபடியே படலைக்குள் நுழைந்த அன்ஸார், வாசலில் கைகொடுக்க நின்ற ஆளைப் பார்த்ததும் பேயறைந்தவர்போல் நின்றுவிட்டார்.

"மச்சான் லெஸ்லி! நீ மௌத்தாகல்லையா?"

"இல்லையடா. அண்ணன்தான்."

கிரிக்கெட்காரர் வீட்டில் சாவு என்று கிண்ணியாவுக்குச் செய்தி போனால், அன்ஸார் போன்ற பழைய கிளப்காரர்கள் யார் எவரென்று விசாரிக்கவா போகிறார்கள்? டொக்யார்ட் றோட்டுச் சந்தியில் பதாகையே கட்டிவிட்டார்கள். தேசிய அணியின் கோட்டோடு லெஸ்லி சிரிக்கிறார். கீழே, 'தாய்நாட்டின் புதல்வனுக்குக் கண்ணீர் அஞ்சலி.' செத்தவீடென்றும் பாராமல் பந்தலே சிரித்தது. லெஸ்லிக்கும் சிரிப்புத்தான். ஆனால் அந்த வரி தைத்தது.

நாட்டுக்காக அவர் ஆடியது ஒரேயொரு மேட்ச். கொழும்பில் அவரைத் தமிழன் என்றார்கள். ஊரில் சிங்களவனுக்கு ஆடினவன் என்றார்கள். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி. அதெல்லாம் போகட்டும். துறைமுகத்தில் கிரேன் ஓட்டிய அஞ்சலோ அண்ணன் என்ன நினைத்தார் என்பதுதான் இத்தனை காலமும் உறுத்தியது. இலங்கை யாரோடு ஆடினாலும் அண்ணன் எதிர்ப்பக்கம். அந்த மேட்சைப் பற்றித் தம்பியிடம் ஒரு வார்த்தை பேசியதில்லை. கேட்க லெஸ்லிக்கும் துணிவு வரவில்லை. இனி யாரிடம் கேட்பது?

"பதாகையைக் கழட்டச் சொல்லட்டா, அண்ணி?"

பெட்டியருகே இருந்த மரியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தாள். "விடுங்கோ தம்பி. இவர் இருந்தா சந்தோசப்பட்டிருப்பார்."

"அண்ணனா? அந்தக் கோட்டைக் கண்ணில காட்டக்கூடாதே அவருக்கு."

"அது மற்ற நாளைக்கு. நீங்கள் விளையாடின அண்டைக்கு ரேடியோவுக்கு முன்னால முழங்கால்ல நிண்டு செபமாலை சொன்னவர். நீங்கள் அவுட்டானதும் சோறு தின்ன ஏலாமல் கிடந்தவர். அம்பயர் கள்ளனாம், அது நோபோலாம். நேற்று வரைக்கும் என்னட்ட அதே கதைதான். உங்களிட்டச் சொல்ல வெக்கம்."

"அண்ணி, நான் போல்ட். நடு ஸ்டம்ப் பறந்தது. ரேடியோவில எப்பிடி நோபோலைக் கண்டவர்?"

"அதை அவரிட்டயே கேளுங்கோ."

அன்ஸார் வெடித்துச் சிரித்தார். லெஸ்லியும் வயிறு குலுங்கச் சிரித்தார். சிரிக்கச் சிரிக்கவே கண் நிறைந்துவிட்டது. இவ்வளவு அன்பை வைத்துக்கொண்டா மனுசன் வாயே திறக்காமல் இருந்தார்!

பூசைக்கு நேரமாயிற்று என்று பெட்டியை மூட வந்தார்கள். லெஸ்லி அவர்களைச் சற்று நிறுத்தி, அண்ணனின் காதருகே குனிந்தார்.

"ஓம் அண்ணன், நோபோல்தான்."