தோற்றவன் கூப்பிடட்டும்

நிறைந்த மூட்டையைத் தானே தூக்கித் தன் தலையில் வைத்துக்கொள்கிற ஆள் இன்னும் பிறக்கவில்லை. பின்னால் ஒருவன் நின்று தூக்கிவிட வேண்டும். பெரிய மார்க்கெட்டில் சுமை தூக்குகிறவர்களின் சங்கம் இரண்டாக உடைந்ததும், முதலில் காணாமல் போனது அந்தக் கைதான். இந்தச் சங்கத்து ஆள் அந்தச் சங்கத்து ஆளுக்குத் தூக்கிவிட மாட்டான். ஒருநாள் கோவிந்தராசு வீம்புக்கு, லாரிக் கதவில் முட்டுக்கொடுத்துத் தனியாகவே ஒரு வெங்காய மூட்டையை ஏற்றப் பார்த்தான். எதிர்ச் சங்கத்தார் பீடி குடித்தபடி வேடிக்கை பார்த்தார்கள். மூட்டை அவன்மேல் விழுந்து இடுப்பு போனது. இன்னும் எழவில்லை.

அதற்குப் பிறகுதான் இரண்டு பக்கமும் பேச உட்கார்ந்தன. நல்ல புத்தி மட்டும் காரணமில்லை. மண்டிக்காரர்கள் இந்தச் சங்கத்தைக் காட்டி அந்தச் சங்கத்தின் கூலியைக் குறைத்தார்கள், அதைக் காட்டி இதைக் குறைத்தார்கள். வயிறு காய்ந்தால் பேச்சு தானாக வரும்.

உடைந்ததில் பெரிய சூழ்ச்சி ஒன்றுமில்லை. ஜானகிராமன் நல்ல தலைவராகத்தான் இருந்தார். மண்டிக்காரர்களிடம் நெஞ்சை நிமிர்த்திக் கூலி வாங்கித் தந்தவர். கொரோனா வந்தது சங்கத் தேர்தல் வருஷத்தில். "இந்த நேரத்துல கூட்டம் வேணாம், நானே பாத்துக்கறேன்" என்றார். எல்லோரும் கை தூக்கினார்கள். நோய் போனது, தேர்தல் வரவில்லை. ஒரு வருஷம் புயல் என்றார், அடுத்த வருஷம் மார்க்கெட்டை இடிக்கப்போகிறார்கள் என்ற பேச்சு. யாராவது வாய் திறந்தால், "ஏன்யா, எம்மேல நம்பிக்கை இல்லியா?" என்பார். மூஞ்சிக்கு நேராக அதற்கு யார் பதில் சொல்வது?

பிறகு முறையில் கை வைத்தார். முன்பு லாரி இறக்கும் முறை சுற்றில் வரும், இன்று விட்டவனுக்கு நாளை. அதை மாற்றி, முதலில் வருகிறவனுக்கு முதல் லாரி என்றார். காதுக்கு நியாயமாகத்தான் கேட்டது. ஆனால் மார்க்கெட்டைச் சுற்றிக் குடியிருக்கிற டவுன் ஆட்கள் பாயைச் சுருட்டிவிட்டு வந்தால் போதும். பாகூர் பக்கத்துக் கிராமங்களிலிருந்து வருகிறவன் முதல் பஸ்ஸைப் பிடித்தாலும் பாதி லாரி இறங்கியிருக்கும். பஸ் ஆட்கள் தனிச் சங்கம் வைத்தார்கள். அப்படி வைத்தவர்களில் பாவாடையும் ஒருவன்.

இப்போது இரண்டையும் ஒன்றாக்கித் தேர்தல். பஸ் ஆட்கள் சார்பில் பாவாடை, டவுன் ஆட்கள் சார்பில் ஜானகிராமன். கை தூக்குகிற ஓட்டு வேண்டாம் என்பதில் மட்டும் இரு பக்கமும் ஒத்துப்போனார்கள். ஆளுக்கு ஒரு சின்ன வெங்காயம், ஒரு பூண்டுப் பல். வெங்காயம் பாவாடைக்கு, பூண்டு ஜானகிராமனுக்கு. வேண்டியதை ஓட்டுச் சாக்கில் போட்டுவிட்டு, மிச்சத்தைப் பக்கத்துச் சாக்கில் போட வேண்டும். சாக்கைக் காக்க ஜான்-பத்திஸ்த்தைப் பிடித்து உட்கார வைத்தார்கள். பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து பென்ஷன் வாங்குகிறவர். பிரெஞ்சில் சிப்பாய்க்குச் சொல்தா; மார்க்கெட்டில் அவருக்கு அதுதான் பெயர்.

போட்டுவிட்டு வந்த ஒருவனின் விரலைப் பாவாடையின் மச்சினன் ராஜ்கமல் பிடித்து மோந்து பார்த்தான்.

"பூண்டு நாத்தம் அடிக்குதேடா."

"உன் விரல மோந்து பாரு, அதுவும் அடிக்கும். ரெண்டையும்தான கையில வெச்சிருந்தோம்."

"முசியே சொல்தா, இவன் ஓட்ட மோந்து பாக்கறான்" என்று ஒருவன் புகார் சொன்னான்.

"பார்க்கட்டும்பா. நான் பிரான்ஸ் ஜனாதிபதி இருக்கற எலிசே மாளிகைக்கே ஓட்டுப் போடறவன், இந்த மாதிரி வாசனையான தேர்தல பாத்ததில்ல" என்றார் சொல்தா.

கோணியை விரித்து எண்ணினார்கள். வெங்காயம் ஜெயித்தது. பஸ் ஆட்கள் வெடி வெடித்தார்கள். ராஜ்கமல் மாமனைத் தோளில் தூக்கிக்கொண்டான்.

"மாமா, நாளையிலேர்ந்து பாகூர் பஸ் வர்ற வரைக்கும் லாரிக் கதவு தொறக்கக் கூடாது. நாம எறக்குன மீதி அவனுங்களுக்கு. இத்தினி நாள் துன்னானுங்கல்ல."

தோளில் உட்கார்ந்தபடியே பாவாடை கீழே பார்த்தான். டவுன் ஆட்கள் ஒரு மூலையில் ஒதுங்கி நின்றார்கள். அந்த முகங்களை அவனுக்கு நன்றாகத் தெரியும். தனிச் சங்கம் வைத்த அன்று பஸ் ஆட்களின் முகம் அதே மாதிரிதான் இருந்தது. இன்று இவர்களை வாலில் தள்ளினால் நாளையே மறுபடி ரெண்டு சங்கம். மண்டிக்காரன் மறுபடி சிரிப்பான்.

"எறக்கி வுடு" என்றான். இறங்கி நின்று சொன்னான். "முறை பழைய மாதிரி சுத்துலதான். டவுன் ஆளுக்குப் பின்னாடி பஸ் ஆளு, பஸ் ஆளுக்குப் பின்னாடி டவுன் ஆளு. பின்னாடி நிக்கறவன்தான் முன்னாடி இருக்கறவனுக்கு மூட்ட தூக்கி வுடணும். எவனாவது முறைய திருடுனா முன்னாடி இருக்கறவனுக்கும் தெரியும், பின்னாடி இருக்கறவனுக்கும் தெரியும். யாரு முறைன்னு பேரு சொல்லி ஜானகிராமன் அண்ணன் கூப்புடட்டும்."



"யாரு?" என்றான் ராஜ்கமல்.

"தோத்தவருதான். எம்மேல கோவமா இருக்கறவன்தான் எனக்குச் சலுக காட்ட மாட்டான். இன்னொண்ணு. என்ன எறக்கணும்னா சங்கத்துல கால்வாசிப் பேரு கேட்டா போதும், ஓட்டு வெச்சிடணும். தள்ளிப் போடற பேச்சே கெடையாது."

அன்று சாயங்காலம் வீட்டில் பாவாடையின் பெண்டாட்டி கமலவேணி தட்டை வைத்த சத்தத்திலேயே சேதி இருந்தது.

"எந்தம்பி சோறு துன்னாம போயிட்டான். ஓட்டு கேட்டு நாயா அலைஞ்சவன் அவன். பதவி அந்தக் கெழவனுக்கா?"

"பதவி எனக்குத்தான்டி. வேலதான் அவருக்கு."

"போ. நாளைக்கு அந்தக் கெழவன்தான் உன்ன எறக்கப் போறான் பாரு."

ஜானகிராமன் முதல் நாள் வேண்டாவெறுப்பாகத்தான் வந்தார். ஆனால் வந்தபின் ஒரு வரிசைகூடப் பிசகவில்லை. பிசகினால் பஸ் ஆட்கள் கிழித்துவிடுவார்கள் என்று அவருக்குத் தெரியும். வரிசையில் ராஜ்கமலுக்குப் பின்னால் வந்தவன் அன்பழகன், டவுன் ஆள். போன வருஷம் இருவரும் சட்டையைக் கிழித்துக்கொண்டவர்கள். முதல் மூட்டைக்கு ராஜ்கமல் குனிந்தபோது பாதியில் திரும்பிப் பார்த்தான்.

"இன்னா பாக்கற? போட்டு நசுக்கிடுவேன்னா? அடுத்த மூட்ட எனக்கு, அத எம்பின்னாடி நிக்கற உங்க பஸ் ஆளுதான் தூக்கி வுடணும். குனி."

கூலிப் பேச்சுக்கு எல்லோரும் சேர்ந்தே போனார்கள். மண்டிக்காரர்களுக்குக் காட்டுவதற்கு இன்னொரு சங்கம் இல்லை. கூலி ஏறியது. ஆனாலும் ராஜ்கமலின் வயிற்றெரிச்சல் ஆறவில்லை. ஜெயித்த நமக்கும் தோற்ற அவர்களுக்கும் ஒரே முறையா என்று பஸ்ஸில் ஒவ்வொருவனிடமும் பேசினான். பொங்கல் முடிந்ததும் கால்வாசிக்கு மேலேயே ஆள் சேர்த்துக்கொண்டு வந்து நின்றான். தலைவரை இறக்க ஓட்டு வேண்டும்.

அன்று மத்தியானம் டீக்கடையில் ஜானகிராமன் பாவாடையின் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"தள்ளிப் போடு, பாவாடை. ஒரு மாசம். சின்னப் பசங்க, ஆறிடுவானுங்க. எங்க ஆளுங்க பூரா உன் பக்கம்னு நான் சொல்லமாட்டேன். சில பேரு உன்ன வுழ வெச்சு பாக்கணும்னு இருக்கானுங்க. இப்ப வெச்சா தோத்துடுவ. தோத்தா இந்த முறையும் போயிடும். முறைய காப்பாத்தறதுக்காகத்தான் சொல்றேன்."

பாவாடை கணக்குப் போட்டுப் பார்த்தான். அந்த ஆள் சொன்னதில் பொய் ஒன்றுமில்லை. ஒரு மாதம் தள்ளினால் நிச்சயம் ஜெயிப்பான். காரணமும் நல்ல காரணம்தான். அதுதான் அவனைப் பயமுறுத்தியது.

"கொரோனாவுல உனக்கு இருந்ததும் நல்ல காரணந்தானண்ணே?"

ஜானகிராமன் டம்ளரைக் கீழே வைத்தார்.

"நல்ல காரணந்தான்" என்றார். "நெசமாவே உங்களுக்கெல்லாம் ஒண்ணும் ஆயிடக் கூடாதுன்னுதான்யா நெனச்சேன்."

"தெரியும். ஞாயித்துக்கெழம ஓட்டு வெச்சிடலாம்."

ஓட்டு வைத்தார்கள். பாவாடை இறங்கினான். ராஜ்கமல் ஏறினான். வெடி கொஞ்சம் குறைவாகத்தான் வெடித்தது. எதற்கு ஓட்டுப் போட்டோம் என்று போட்டவர்களில் சிலருக்கே கூச்சமாக இருந்தது. பாவாடைக்கு நெஞ்சில் எரிச்சல் இல்லாமல் இல்லை. ஆனால் சங்க ஆபீஸ் சாவியைப் புதுத் தலைவன் கையில் அவனே கொடுத்தான். சங்கத்தில் ஒரு தலைவன் உயிரோடு இருக்கும்போதே, சங்கம் உடையாமல் சாவி கை மாறியது ரொம்ப நாளுக்குப் பிறகு அன்றுதான்.

திங்கட்கிழமை நாசிக் வெங்காய லாரி வந்து நின்றது. ராஜ்கமல் புதுச் சட்டையில் வந்தான்.

"ஜானகிராமன் அண்ணே, இன்னையிலேர்ந்து நீ கூப்புட வேணாம். முறைய நான் பாத்துக்கறேன்."

ஜானகிராமன் பாவாடையைப் பார்த்தார்.  பதவி இழந்த பாவாடைக்குப் பேச இடமில்லை. பேசியது பாகூர் ஆள் ஒருத்தன், ராஜ்கமலுக்கே ஓட்டுப் போட்டவன்.

"எதுக்குத் தம்பி மாத்தற? முந்தாநேத்து பஸ்சு பஞ்சர். லேட்டா வந்தேன். அப்பவும் என் லாரி எனக்கு இருந்துச்சு."

"நம்ம ஆளு நீயே இப்பிடிப் பேசறியா?"

"நம்ம ஆளுதான். பாவாடையும் நம்ம ஆளுதான், எறக்கினோம்ல. வழி இப்ப எல்லாருக்கும் தெரிஞ்சு போச்சு. நீ மாத்திப் பாரு, பங்குனிக்குள்ள உன்னையும் எறக்கறோம்."

சிரிப்பு ஒரு பக்கத்திலிருந்து மட்டும் வரவில்லை, எல்லாப் பக்கத்திலிருந்தும் வந்தது. ராஜ்கமல் முகம் சிவந்து நின்றான். கூட்டத்தில் தன் ஆள் யார் என்று தேடினான். வரிசை ஒன்று விட்டு ஒன்றாகக் கலந்து நின்றதில் அதைக் கண்டுபிடிப்பது அவனுக்குக் கஷ்டமாக இருந்தது. கடைசியில் புதுச் சட்டையைக் கழற்றிச் சுவர் ஆணியில் மாட்டிவிட்டு, தன் இடத்தில் போய் நின்றான்.

ஜானகிராமன் தொண்டையைச் செருமிக்கொண்டு முதல் பெயரைக் கூப்பிட்டார்.

பாவாடை அன்பழகனுக்குப் பின்னால் நின்று தன் முறைக்குக் காத்திருந்தான். ராஜ்கமல் திரும்பிப் பார்க்காமலே கேட்டான்.

"இன்னா மாமா, சந்தோஷமா?"

"அடுத்த தேர்தல்ல உன்ன எதுத்து நிக்கப் போறேன்டா. இன்னைக்கே ரெண்டு பேராண்ட பேசிட்டேன்."

"நில்லு, நில்லு. மறுபடி தோப்ப."

"பாத்துடலாம். இப்ப உன் பேரு கூப்புடறாரு, போ."

ராஜ்கமல் லாரியடியில் போய்க் குனிந்தான். அன்பழகன் மூட்டையின் காதைப் பிடித்தான்.