கரையேறிய படம்

பொத்தான் வியாபாரத்தில் சௌக்கியமாக இருந்த வெனான்சியு செயாப்ராவுக்கு நாற்பத்திரண்டாவது வயதில் சினிமாப் பித்துப் பிடித்தது. போர்ட்டோ நகரில் இருந்த கடையை மைத்துனன் தலையில் கட்டிவிட்டு, பாரிசுக்குப் போய் ஒரு கேமராவையும் அதோடு ஒரு டைரக்டரையும் பிடித்துக்கொண்டு வந்தார். முதல் படம் சுமாராக ஓடியது. இரண்டாவதில், காதலி கதாநாயகனை அறையும் உருக்கமான கட்டத்தில் அவன் ஒட்டுமீசை பறந்து அவள் கொண்டையில் போய் உட்கார்ந்துவிட்டது. திரும்ப எடுக்க ஃபிலிம் மிச்சமில்லை. அழவேண்டிய படத்துக்கு ஊரே வயிறு குலுங்கச் சிரித்தது. அடுத்த படத்தில் ஒருத்தர் கண்ணும் காய்ந்திருக்கக் கூடாது என்று வெனான்சியு கறுவிக்கொண்டார்.

அந்தக் கறுவலோடுதான் 1920 ஜூனில் போவுவா கடற்கரையில் வந்து இறங்கினார். கதையில் மீனவன் புயலில் செத்துப்போவான். இருபது பெண்கள் கறுப்பு உடுத்திக் கரையில் நின்று கதற, கதாநாயகி மயங்கி விழுவாள். அதோடு படம் முடியும்.

மீனவப் பெண்கள் சொன்ன நேரத்துக்கு வந்துவிட்டார்கள். ஆனால் கறுப்புத் துணி மூட்டையை அவிழ்த்ததும் எல்லோரும் நாலடி பின்னால் போய்விட்டார்கள். அவர்களுக்கெல்லாம் முன்னால் நின்ற சுல்மிரா, இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டாள்.

"இது எதுக்கு?"

"நடிப்புக்குத்தாம்மா. உங்க புருஷன் கடல்ல போயிட்டதா நெனச்சு அழணும்."

"எம் புருஷன் இப்ப கடல்லதான்யா இருக்கான்! நான் இங்க கறுப்பு கட்டிக்கிட்டு ஒப்பாரி வச்சா அவன் எப்படித் திரும்பி வருவான்? உங்க வீட்டம்மாவக் கூட்டியாந்து அழச் சொல்லுங்க."

"அப்ப நெசமாவே புருஷன் இல்லாதவங்க யாராச்சும்..." என்று இழுத்தார் வெனான்சியு.

பின்வரிசையில் இருந்து ஒருத்தி அமைதியாகச் சொன்னாள்: "நாங்க அழுது முடிச்சிட்டோம் ஐயா. உங்க பெட்டிக்காக இன்னொருக்கா அழ முடியாது."

வெனான்சியுவுக்கு முகம் சிவந்துவிட்டது. துணி மூட்டையைத் தாமே கட்டி வண்டியில் போட்டார். டைரக்டர் தெலார்ம் தொப்பியைக் கழற்றி மணலில் அடித்தார். "சாவு இல்லாமல் கடல் படமா? என் முடிவு எங்கே?" என்று குதித்தார்.

அந்தச் சமயத்தில் தூரத்தில் படகுகளின் பாய்கள் தெரிந்தன. அவ்வளவுதான், பெண்கள் சினிமாவை மறந்தார்கள். பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இடுப்பளவுத் தண்ணீரில் பாய்ந்தார்கள். கயிற்றைப் பிடித்து இழுத்துக்கொண்டே, படகில் இருந்த கணவன்மாரைத் திட்டித் தீர்த்தார்கள். ஒரு படகின் முனையில் நின்றிருந்த தன் புருஷன் பெலார்மினுவைப் பார்த்து, "ஏய் சோம்பேறி! மீன் பிடிச்சியா, இல்ல தூங்கிட்டு வர்றியா?" என்று கத்தினாள் சுல்மிரா. கத்திய முகம் முழுக்கச் சிரிப்பு.

"சுத்துடா கைப்பிடிய!" என்று கேமராக்காரனைப் பார்த்து அலறினார் வெனான்சியு. அவன் சுழற்றினான்.

பட்டுச் செருப்போடு மயங்கி விழத் தயாராக நின்ற கதாநாயகி இசோலெத்தாவின் கையைச் சுல்மிரா எட்டிப் பிடித்தாள். "சும்மா நிக்கிறியே பொண்ணே, இழு!" இசோலெத்தா இழுத்தாள். அலை அவளைக் குப்புறத் தள்ளியது. எழுந்ததும் யாரோ அவள் தலையில் மத்திக் கூடையை ஏற்றிவிட்டார்கள். மீன் செதிலும் ஈரமுமாக அவள் சிரித்த சிரிப்பை எந்த டைரக்டராலும் சொல்லிக்கொடுத்திருக்க முடியாது.

"மீனவன் சாகல," என்றார் வெனான்சியு. "கரைக்கு வந்துட்டான். இதுதான் முடிவு."

"அப்படியானால் நான் பாரிசுக்குப் போகிறேன்."

"சாப்பிட்டுட்டுப் போங்க."

சுட்ட மத்தியும் சோளரொட்டியும் உள்ளே போன பிறகு தெலார்ம் பாரிஸ் பேச்சை எடுக்கவில்லை.

அக்டோபரில், ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகலில், போர்ட்டோ கொட்டகையில் முதல் காட்சி. போவுவாவில் இருந்து ரயிலேறி வந்தவர்களை வெனான்சியு முன்வரிசையில் உட்காரவைத்தார். திரையில் புயல் வந்தபோது பியானோக்காரர் கட்டைகளைப் போட்டு இடித்தார். படகு அலைக்குள் மறைந்ததும் சுல்மிரா பக்கத்தில் இருந்த பெலார்மினுவின் சட்டையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"நான் இங்கதான இருக்கேன்!" என்றான் அவன்.

"நீ வாய மூடு. அங்க என்ன ஆகுதுன்னு பாப்போம்."

பாய் தெரிந்தது. படகு கரை தட்டியது. சுல்மிரா எழுந்து நின்று திரையைப் பார்த்தே கத்தினாள்: "சோம்பேறி, வந்துட்டியா!" கொட்டகை அதிர்ந்தது. சிரிப்பவர்களும் கண்ணைத் துடைப்பவர்களுமாக ஜனங்கள் நாற்காலி மேல் ஏறி நின்றார்கள். கதவோரம் நின்றிருந்த வெனான்சியு, தாமும் கைக்குட்டையைத் தேடினார்.

"இன்னொரு தடவ போடுங்க!" என்று முன்வரிசை கேட்டது. கடைசி ரீலை மூன்று தடவை போட்டார்கள். அதற்குள் போவுவா ரயில் போய்விட்டது.

ரயிலைத் தவறவிட்ட இருபத்து மூன்று பேரையும் வெனான்சியு வீட்டுக்கு அழைத்துப்போனார். கதவைத் திறந்த அவர் மனைவி எர்மெலிந்தா, வாசலை அடைத்துக்கொண்டு நின்ற கூட்டத்தை ஒரு தடவை எண்ணிப் பார்த்தாள்.

"இவங்கெல்லாம் யாரு?"

"நம்ம படத்துல நடிச்சவங்க."

"சரி, உள்ள வாங்க எல்லாரும்," என்றவள், சுல்மிராவைப் பார்த்து, "நீங்க மட்டும் இந்தப் பக்கம் வந்து கீரை நறுக்குங்க. சூப்புக்குப் பெரிய பானை வைக்கணும்," என்றாள்.