என்ன ஆளுங்க நீங்க

விளையாட ஆரம்பிக்குமுன் ரேஸ் என்று கம்ப்யூட்டர் திரையில் கேட்டதும் ஓட்டப்பந்தயம் என்றுதான் நினைத்தேன், வைத்தியம் பார்க்கிறவளை எதற்கப்பா ஓடச் சொல்கிறது என்று வாய்விட்டுக் கேட்டும் விட்டேன், மரியதாஸ் சிரிப்பை அடக்கிக்கொண்டு, ஓட்டமில்லைங்கக்கா, இனமுங்க, மனுசரு, எல்ஃப், குள்ளரு, நம்ம ஊர்ல சாதி இல்லீங்களா, அப்படி வெச்சுக்கங்க, பாத்து எடுங்க, ஒருதரம் எடுத்தா அப்பறம் மாத்த முடியாதுங்க என்றான், சொல்லிவிட்டு டீ வாங்கி வருவதற்குப் பிளாஸ்க்கையும் குடையையும் எடுத்துக்கொண்டு படியிறங்கிவிட்டான். அவனுக்கென்ன, சொல்லிவிட்டுப் போய்விட்டான். கடை வளைவுக்கு அந்தப் பக்கம், போய்வரப் பத்து நிமிடம், இந்தப் பனிமூட்டத்தில் கால் மணி நேரம் கூட ஆகும், அதற்குள் நான் ஒரு சாதியில் பிறந்து வைக்க வேண்டுமாம்.

சனிக்கிழமை மத்தியானம், எஸ்டேட் ஆபீசில் நானும் இந்தப் பெட்டியும்தான், கணக்கெழுதும் ரைட்டர் ஒரு மணிக்கே பஸ் ஏறிவிட்டார். டைப் அடித்துக்கொண்டிருந்த எனக்குப் போன வருஷம்தான் கம்ப்யூட்டர் வந்தது, டெலிபோன் வழியாகச் சேலத்தைப் பிடித்து அங்கிருந்து உலகத்தையே பிடிக்கும் என்றார்கள், அதைப் பார்த்துக்கொள்ள டவுனில் ஸ்கூலில் கம்ப்யூட்டர் சொல்லிக்கொடுக்கும் மரியதாஸ் சனிக்கிழமைகளில் வருவான், வந்த வேலை முடிந்ததும் விளையாடுவான். படம் கிடையாது, வெறும் எழுத்து, கறுப்புத் திரையில் வெள்ளை எழுத்து ஓடிக்கொண்டே இருக்கும், எங்கெங்கோ ஊர்களில் உட்கார்ந்திருக்கிறவர்கள் ஒருவரையொருவர் பார்க்காமலே கூட்டம் சேர்ந்து குகைக்குள் போவார்கள், சண்டை போடுவார்கள், அடிபடுவார்கள். எங்க கூட்டத்துல வைத்தியம் பாக்கறவரு ஒருத்தரு இருந்தாருங்கக்கா, அவரு நின்னுட்டாரு, இப்ப அடிபட்டா அங்கயே கெடந்து சாகறோம், நீங்க வாங்களேன் என்றான். சரி என்று சொல்லிவிட்டேன். ஏன் சொன்னேன்? நான் நர்ஸாக இருந்தவள் என்பது இவனுக்குத் தெரியாது, இவன் மலைக்கு வந்தே இரண்டு வருஷம்தான் ஆகிறது, எனக்கே மறந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தேன்... பன்னிரண்டு வருஷமாக ஒருவர் நாடியைப் பிடிக்கவில்லை, ஆபீசில் யாருக்காவது விரலில் காயம் என்றால்கூடப் பஞ்சை மேஜைமேல் வைத்துவிட்டு வெளியே போய்விடுகிறவள் நான்.

ஏழு இனம் போட்டிருக்கிறான், ஒவ்வொன்றுக்கும் எதிரே நாலு வரி. எல்ஃப் என்கிற வனதேவதைக்கு மந்திர சக்தி அதிகம், உடம்பில் தெம்பில்லை, ஒரு அடிக்கே விழுந்துவிடும். குள்ளர் எவ்வளவு அடித்தாலும் தாங்குவார், மந்திரம் மெதுவாகத்தான் ஏறும். அப்புறம் ஆறாவதாக ட்ரோல், பூதம் மாதிரி ஒன்று, காயம் தானாகவே ஆறிவிடும், வைத்தியத்துக்கு இதை விட்டால் ஆளில்லை என்று படிக்கும்போதே, கடைசி வரியில், சில ஊர்களின் வாயிற்காவலர்கள் இந்த இனத்தை உள்ளே விடமாட்டார்கள் என்று இருக்கிறது. அடப்பாவி. எவனோ எந்தத் தேசத்திலோ சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டு உட்கார்ந்து எழுதியிருக்கிறான், இவனுக்கு யார் சொன்னார்கள் இதை. மனிதருக்கு எதிரே, எல்லாவற்றிலும் நடுத்தரம், எல்லா ஊரிலும் அனுமதி உண்டு. எல்லா ஊரிலும். ஒன்றாம் நம்பரைத் தட்டிவிட்டு எழுந்து போகலாம், இதற்கா இவ்வளவு யோசனை, விளையாட்டுத்தானே.

தெரசம்மாள் இருந்திருந்தால் ஒன்றைத் தட்டடி என்றுதான் சொல்லியிருப்பாள். டிரெய்னிங்கில் என்னோடு ஒரே அறையில் இருந்தவள், எனக்கு அவள் சொல்லிக்கொடுத்த முதல் மருந்தே அதுதான், எந்த ஊட்டுக்குப் போனாலும் என்ன ஆளுன்னு கேப்பாங்க கலாவதி, கிறிஸ்டியன்னு சொல்லிப்போடு, சிஸ்டர்னு கூப்பிட்டுட்டுப் போயிருவாங்க, அதுக்கு மேல கேக்க மாட்டாங்க. அவள் நிஜமாகவே கிறிஸ்டியன், அவளுக்கு அது பொய்யில்லை. நான் எஸ்டேட் லைன் வீட்டில் பிறந்தவள், தாத்தா காலத்தில் கீழ்நாட்டிலிருந்து காப்பி பறிக்க வந்தவர்கள் நாங்கள், இந்த மலையில் எங்கே போனாலும் நான் யார் என்று என் சேலைக்கட்டைப் பார்த்தே சொல்லிவிடுவார்கள் என்று அம்மா பயப்படுவாள், அதனால்தான் வெள்ளை யூனிபாரம் போட்ட அன்றைக்கு அவளுக்கு அவ்வளவு சந்தோஷம். ஒரே ஒரு தடவை தெரசம்மாள் சொன்ன மருந்தைச் சாப்பிட்டேன். பிரசவம் நல்லபடியாக முடிந்து, கூடத்தில் உட்காரவைத்து, எவர்சில்வர் டம்ளரில் காப்பி கொடுத்து, மகராசி என்று கையெடுத்துக்கூடக் கும்பிட்டார்கள், அந்தக் காப்பி தொண்டையில் இறங்கவேயில்லை, வீட்டுக்கு வரும் வழியில் மரத்தடியில் நின்று அழுதேன், அவமானம், அப்படி ஒரு அவமானம், இனி எவர் கேட்டாலும் பொய் சொல்வதில்லை என்று அங்கேயே முடிவு செய்தேன். பெரிய அரிச்சந்திரி. அதற்கு இரண்டே வாரத்தில்தான் அங்கப்பன் ஓடிவந்தான்.

வேண்டாம், அதற்குள் போகவேண்டாம், ஏழு இனம் இருக்கிறது, ஏழில் ஒன்று, நாலாவது என்ன... நாலாவது பாதி எல்ஃப் பாதி மனிதர், இரண்டு பக்கமும் ஒட்டாது என்று போட்டிருக்கிறான். அங்கப்பனுக்கு வீடு வெள்ளக்கடைக்கு மேலே, பஸ்ஸை விட்டு இறங்கி ஒரு மைல் ஏறவேண்டும், மலைக்காரர்கள், நாலு காப்பிச் செடியும் கேழ்வரகுமாக இருந்தவர்கள். நான் வேலை பார்த்த டிஸ்பென்சரி வாசலில் மூச்சிரைத்துக்கொண்டு, ஏனுங்க, டாக்டரு இருக்காருங்களா, எம் பொண்டாட்டிக்குக் கொழந்தை பொறந்துருச்சுங்க, ரத்தம் நிக்க மாட்டேங்குதுங்க என்றான். டாக்டர் சேலத்துக்குப் போயிருந்தார், நான் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பினேன், பாதி வழியில் அவன் பாதையைக் கை காட்டிவிட்டு ஜீப் பிடித்து வருகிறேன் என்று திரும்பி ஓடிவிட்டான். நான் தனியாக ஏறினேன். அந்த மாதம் குடும்பக் கட்டுப்பாட்டு ஆபரேஷனுக்கு ஆள் சேர்க்கும் வண்டி மலையெல்லாம் சுற்றிக்கொண்டிருந்தது, வெள்ளைச் சேலையைக் கண்டாலே பொம்பிளைகள் காப்பிச் செடிக்குள் புகுந்துகொள்வார்கள், வழியில் இரண்டு பேர் என்னைப் பார்த்து அப்படி ஒளிந்தார்கள், அந்த அவசரத்திலும் எனக்குச் சிரிப்பு வந்தது. இதே மாதிரி மூட்டம், பத்தடிக்கு அந்தப் பக்கம் தெரியாது, திடீரென்று வீடு வந்தது, வாசலில் காளியாயி, அங்கப்பனின் அம்மா, கையில் ஒரு சொம்பு. சொம்பை முந்தானையால் சுற்றிப் பிடித்திருந்தாள். என் காற்று பட்டால்கூட ஆகாது என்று மூடிப் பிடித்திருக்கிறாளே என்று அதைப் பார்த்த மாத்திரத்தில் எனக்குச் சுருக்கென்றது, அவள் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டுக் கேட்டாள்: ஏனுங்க, என்ன ஆளுங்க நீங்க?

எத்தனை நொடி ஆகியிருக்கும், தெரசம்மாளின் ஒரு சொல்லைச் சொல்லியிருக்கலாம், என் நிஜத்தைச் சொல்லியிருக்கலாம், ஒன்றுமே சொல்லாமல் அவளைத் தள்ளிக்கொண்டு உள்ளே போயிருக்கலாம். நான் சொன்னது, யாரா இருந்தா உங்களுக்கு என்னங்க, வேணும்னா கூப்பிடுங்க, நான் இங்கயே நிக்கறேன். சொல்லிவிட்டு வாசலிலிருந்து நாலடி பின்னால் போய்ப் பலாமரத்தடியில் நின்றேன், முகத்தை வேறுபக்கம் திருப்பிக்கொண்டு. அவள் கொஞ்ச நேரம் சொம்போடு நின்றாள், உள்ளே போனாள், கதவைச் சாத்தவில்லை. கூப்பிடட்டும் என்று நின்றேன். இரத்தத்தை நிறுத்தும் ஊசி பைக்குள் இருந்தது, பையின் வார் என் கையில் இருந்தது, கைக்கடிகாரத்தைப் பார்த்தேன், இரண்டு இருபது, மறுபடி பார்த்தபோது இரண்டே முக்கால். உள்ளே அங்கப்பன் பெண்டாட்டி அத்தாயி முனகினது எனக்குக் கேட்டது. கேட்டது. கூப்பிடட்டும், ஒரே ஒரு தடவை வாங்க என்று சொல்லட்டும் என்று நின்றேன். முனகல் நின்றது, அப்புறம் காளியாயி அலறினது கேட்டது.

ஜீப்போடு வந்த அங்கப்பன் என்னைப் பலாமரத்தடியில் பார்த்தான், ஏனுங்க வெளியிலயே நிக்கறீங்க என்றான். உள்ள விடலைங்க என்றேன். அதுதான் நான் சொன்னது, அதையே டாக்டரிடம் சொன்னேன், ஆபீசில் சொன்னேன், கல்யாணமானபின் வீட்டுக்காரரிடம் சொன்னேன், அவர்கள் என்னை உள்ளே விடவில்லை, தூக்கம் வராதபோது எனக்கே சொல்லிக்கொண்டேன், யாரும் அதைச் சந்தேகப்படவில்லை, இந்த நாட்டில் அதை யார்தான் சந்தேகப்படுவார்கள். அந்த ஒரு வாக்கியத்தைப் பிடித்துக்கொண்டுதான் பன்னிரண்டு வருஷம் எழுந்து நடமாடியிருக்கிறேன். அங்கப்பன் அம்மாவோடு பேச்சை விட்டுவிட்டான், குழந்தையைத் தூக்கிக்கொண்டு பெண்டாட்டி பிறந்த வீட்டுப் பக்கம் போய்விட்டான், அந்தக் குழந்தை, இப்போது பன்னிரண்டு வயசுப் பெண், வெள்ளக்கடை பஸ்ஸில் பச்சை யூனிபாரத்தோடு ஜன்னலோரம் உட்கார்ந்திருப்பாள், நான் பார்க்காத மாதிரி பார்ப்பேன். காளியாயி மட்டும் அந்த வீட்டில் தனியாக இருக்கிறாள், கண் சரியாகத் தெரிவதில்லை என்று கேள்வி. மகன் அவ்வளவு பேசினபோதும் எதிர்த்து ஒரு வார்த்தை சொல்லவில்லையாம், அதையே அவள் குற்றத்தை ஒப்புக்கொண்டதாக எடுத்துக்கொண்டேன். வேறு எப்படி எடுத்துக்கொள்வது?

ஒன்றில் விரலை வைத்திருக்கிறேன், இன்னும் அழுத்தவில்லை. எல்லா ஊரிலும் அனுமதி. அழுத்தினால் இதுவும் அந்தக் காப்பிதான், இறங்காது. ஆறைத் தட்டினால்? வாயிலில் நிறுத்துவான், ஆனால் நிறுத்தினவன் யார் என்றாவது தெரியும், உனக்கு அனுமதி இல்லையென்று காவல்காரன் எழுத்தில் சொல்வான், சந்தேகத்துக்கு இடமே இருக்காது... சந்தேகமா, எனக்கு என்ன சந்தேகம், இப்போது எங்கிருந்து வருகிறது இந்தச் சொல். ஜன்னலுக்கு வெளியே சில்வர் ஓக் மரங்களைக் காணோம், மூட்டம் ஆபீஸ் படிவரைக்கும் வந்துவிட்டது, படியில் செருப்புச் சத்தம், குடையை உதறுகிற சத்தம். நொம்ப லேட் ஆயிப்போச்சுங்கக்கா, கடைல பால் காய வெச்சுட்டு இருந்தாங்க என்று சொல்லிக்கொண்டே மரியதாஸ் பிளாஸ்க்கைத் திறந்து டம்ளரில் ஊற்றினான், எடுத்தான், ஸ்ஸ் என்று கீழே வைத்தான், பாக்கெட்டிலிருந்து கர்ச்சீப்பை உருவி டம்ளரைச் சுற்றிப் பிடித்து என் முன்னால் நீட்டினான். நீட்டியபடியே திரையை எட்டிப் பார்த்துக் கேட்டான்.

"என்ன ஆளுங்க நீங்க?"

அவன் கேட்டது விளையாட்டில் என்ன எடுத்தேன் என்று, வேறு ஒன்றும் இல்லை, அவன் முகத்தில் வேறு ஒன்றுமே இல்லை. நான் கர்ச்சீப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன். சுட்டால்தான் துணியால் பிடிப்பார்கள். டம்ளரிலிருந்து ஆவி எழும்பி ஜன்னல் பக்கம் போய் மூட்டத்தோடு சேர்ந்தது, சேர்ந்தபிறகு எது ஆவி எது மூட்டம் என்று தெரியவில்லை. அன்றைக்குச் சொம்பைச் சுற்றியும் வெள்ளையாக இருந்தது, மூட்டம் என்று நினைத்தேன், நினைக்கக்கூட இல்லை, பார்த்ததோடு சரி. பிரசவ வீட்டில் வெந்நீர் இருக்கும். வைத்தியம் பார்க்க வருகிறவளுக்குக் கை கழுவ வெந்நீர் கொண்டுவந்து வாசலில் நிற்பார்கள். வருகிறவள் வெள்ளைச் சேலையில் தனியாக வந்தால், கூடப் போன மகனையும் காணோம் என்றால், ஆபரேஷன் வண்டி ஆளா ஆஸ்பத்திரி ஆளா என்று கேட்பார்களா மாட்டார்களா? கதவு திறந்தே இருந்ததே. அவள் உள்ளேயிருந்து நான் வருவேன் என்று பார்த்துக்கொண்டிருந்தாளா, நான் வெளியேயிருந்து அவள் கூப்பிடுவாள் என்று பார்த்துக்கொண்டிருந்தது போலவே? இல்லை, அது மூட்டமாகவும் இருக்கலாம், சொம்பு பச்சைத்தண்ணீராகவும் இருக்கலாம், அவள் கேட்டது நான் நினைத்த அதே கேள்வியாகவும் இருக்கலாம், எத்தனை வீட்டில் கேட்டிருக்கிறார்கள், என் காதுக்குத் தெரியாதா... கடவுளே, மூட்டமாகவே இருக்கட்டும்.

"புடிங்கக்கா, சுடுது" என்றான் மரியதாஸ். வாங்கிக்கொண்டேன், விரல் சுட்டது, வைக்கவில்லை. இன்னும் எடுக்கலீங்களா, நேரமாச்சுன்னா லைன் கட்டாயிருமுங்க என்றான். வெள்ளக்கடைக்கு நாலரைக்கு ஒரு பஸ் இருக்கிறது. சொம்பில் என்ன இருந்தது என்று சொல்லக்கூடியவள் ஒருத்திதான், இன்னும் இருக்கிறாள், இந்தப் பன்னிரண்டு வருஷத்தில் அவளிடம் போய்க் கேட்கலாம் என்று எனக்கு ஒருநாளும் தோன்றியதே இல்லை. போய் வாசலில் நின்றால், கண் தெரியாதவள், சத்தத்துக்குத் தலையைத் தூக்கி முதலில் அதைத்தான் கேட்பாள், என்ன ஆளுங்க நீங்க என்று. அதற்கு நான் என்ன சொல்லவேண்டும் என்று யோசித்துக்கொண்டே, டீ ஆறும்வரை, ஒன்றின்மேல் விரலை வைத்து உட்கார்ந்திருந்தேன்.